படம் பார்த்து அப்பாவான ஐஸ்காரர்

மன்னார்த் தீவில் சினிமாவைப் பொழுதுபோக்காகப் பார்க்காத ஒரே மனிதர், உப்புக்குளத்தில் என் பக்கத்து வீட்டு ஐஸ்காரர்தான். மற்றவர்கள் படம் பார்த்தார்கள். அவர் படித்தார், மடியில் கொப்பியும் காதில் பேனையுமாக.

மீன்வாடிகளுக்குச் சின்ன லொறியில் ஐஸ் கொண்டுபோய்க் கொடுப்பவர். நாற்பது தாண்டிய பிறகு தையல்கார ரீற்றாவைக் கலியாணம் செய்ய நாள் குறித்தார். ரீற்றாவின் முதல் கணவர் காய்ச்சலில் தவறியவர். ஒன்பது வயதில் ஜெனி என்றொரு மகள். நாள் நெருங்க ஐஸ்காரருக்கு உதறல் எடுத்துவிட்டது. சின்ன வயதில் அவர் பார்த்த படங்களில் இரண்டாம் தகப்பன் வந்தால் பெல்ட்டைக் கழற்றுவான். சித்தி வந்தால் பிள்ளைக்குச் சோறு இராது.

"இப்பத்தைய படங்களில அப்பிடி இல்லை," என்று நான்தான் வாய் தவறிச் சொன்னேன். "புது அப்பா நல்லவர். பிள்ளைதான் முதல்ல முறைக்கும். இடைவேளைக்குப் பிறகு கட்டிப்பிடிக்கும்."

அன்றோடு என் மடிக்கணினி அவர் வீட்டுக்குக் குடிபோனது.

முதல் பாடம் சமையல். கலியாணம் முடிந்த வாரமே, படத்தில் கண்டபடி, ரொட்டியை இதய வடிவில் வெட்டிச் சுட்டு வைத்தார். ஜெனி திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"மாமா, இது கழுதைக் காதோ?"

தெருவெல்லாம் கழுதை திரியும் ஊரில் பிள்ளைக்கு வேறென்ன தோன்றும்?

அடுத்தது பயணம். தாயையும் மகளையும் ஐஸ் லொறியில் ஏற்றி, கண்ட இடமெல்லாம் நிறுத்திப் பாடி, படம் பிடித்து, தலைமன்னாருக்குப் போய்ச் சேர்ந்தபோது ஐஸ் முழுக்கத் தண்ணீர். காத்திருந்த மீனவர்கள் பாடியது வேறு பாட்டு.

ஆனால் ஜெனி முறைக்கவே இல்லை. அதுதான் அவருடைய பெருங்கவலை. ஒருநாள் நேரே கேட்டுவிட்டார்.

"பிள்ளை, உனக்கு என்னில கோபம் வரேல்லையோ?"

"நாளைக்குப் பள்ளிக்கூடத்தில சோதனை மாமா. முடியக் கோபிக்கிறன்."

சோதனை முடிந்தது. ஜெனி உண்மையிலேயே பேச்சை நிறுத்திவிட்டாள். இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவும் இல்லை. ஐஸ்காரர் கொப்பியைப் புரட்டிப் பார்த்துக் களைத்து, என் வேலியடியில் வந்து நின்றார்.

"படத்தை விடுங்கோ. பிள்ளையிட்டக் கேளுங்கோ," என்றேன்.

வாசற்படியில் அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தார். அவள் சொன்னது எனக்கும் கேட்டது.

"நீங்கள் எல்லாம் படத்தில மாதிரித்தான் செய்யிறியள். படம் முடிஞ்சா எல்லாரும் எழும்பிப் போறவை. நீங்களும் போவியளோ?"

இதற்கு எந்தப் படத்திலும் அவர் வசனம் படித்திருக்கவில்லை.

"நான் எங்க பிள்ளை போறது?" என்றார் கடைசியில். "என்ர லொறி மன்னார்ப் பாலமே தாண்டாது."

ஜெனிக்குச் சிரிப்பு வந்தது, பின்னாலேயே அழுகையும். அவருக்கு இரண்டும் சேர்ந்தே வந்தன.

மறுநாள் என் மடிக்கணினி திரும்பி வந்தது.

ஜெனிக்கு இப்போது பதினாறு வயது, சாதாரணதரப் பரீட்சைக்குப் படிக்கிறாள். நேற்றுப் பின்னேரம், அவள் கணக்கு வகுப்புக்குப் போகாமல் கடற்கரைக்குப் போனதற்காக இருவருக்கும் சண்டை. "உங்களுக்கு ஒண்டும் விளங்காது" என்று அவள் கத்த, "எனக்கோ விளங்காது" என்று அவர் கத்த, தெரு முழுக்கக் கேட்டது. இவ்வளவு நல்ல தகப்பன்–மகள் சண்டையை நான் ஒரு படத்திலும் பார்த்ததில்லை. தொலைக்காட்சியை நிறுத்திவிட்டு, கதிரையை வேலியோரம் இழுத்துப் போட்டுக்கொண்டேன்.