காளைக்கு நிரந்தரம், எனக்கு ஒப்பந்தம்

ஒட்டுசுட்டான்,
ஞாயிற்றுக்கிழமை.

என்றும் அன்பு குறையாத ரஜிதா அக்காவுக்கு,

தம்பி பிரதீபன் எழுதுவது. இங்கு நானும் லக்சிகாவும் அப்பாவும் சுகம். அதேபோல் கனகராயன்குளத்தில் நீங்களும் அத்தானும் பிள்ளைகளும் சுகமாயிருக்க மாரியம்மனை வேண்டுகிறேன். துரையும் சுகமாகத்தான் இருக்கிறார். அவருக்கென்ன குறை! இதைத் தொலைபேசியில் சொன்னால் நீங்கள் சிரிப்பீர்கள். கடிதத்தைப் படித்துச் சிரித்தால் எனக்குக் கேட்காது, அதனால் எழுதுகிறேன்.

துரை என்பது எங்கள் அரசாங்கப் பண்ணையின் இனவிருத்திக் காளை. பண்ணையின் பெயரை எழுதவில்லை, யார் கையில் போய்ச் சேருமோ. காளைக்கு அந்தப் பெயரை வைத்தது நம் அப்பாதான். ஒருநாள் பண்ணையைப் பார்க்க வந்தவர், நான் சாணம் அள்ள, இன்னொருவர் தண்ணீர் அடிக்க, வேறொருவர் ஈ விரட்ட, நடுவில் அது கண்ணை மூடி அசைபோடுவதைப் பார்த்துவிட்டு, "தேயிலத் தோட்டத்துல எங்க தொரையும் இப்புடித்தான் இருப்பாரு" என்றார். அன்றிலிருந்து பண்ணையில் எல்லோரும் அதை 'அவர்' என்றுதான் சொல்கிறோம்.

அக்கா, வெளிப்படையாகவே சொல்கிறேன், எனக்கு அந்த மாட்டின் மேல் பொறாமை. லொறியில் வந்து இறங்கிய அன்றே அவர் நிரந்தரம். காதில் இலக்கம். பிறந்த திகதி, தாய் தகப்பன் விபரம் எல்லாம் ஒபீஸ் அலுமாரியில் பத்திரமாக இருக்கிறது. தோட்டத்து லயத்தில் பிறந்த நம் அப்பாவின் பிறந்த திகதியை எழுதித்தர இந்த நாட்டில் ஒருவரும் இருக்கவில்லை. வெயிலுக்கு மின்விசிறி, யானை வந்தால் என்று கொட்டிலைச் சுற்றி மின்வேலி. எனக்கு என்ன? ஆறு மாத ஒப்பந்தம். அது முடிந்ததும் சில நாள் வீட்டில் இருக்கச் சொல்லிவிட்டு, பிறகு புதிதாக எடுப்பதுபோல எடுப்பார்கள். தொடர்ந்து வேலை செய்தவன் என்று நாளைக்கு நான் உரிமை கேட்டுவிடக் கூடாதாம். ஏழு வருடமாக நான் புது ஆள். அந்த இடைவெளியிலும் தீனி வைக்க நான்தான் போகவேண்டும், சம்பளமில்லாமல், ஏனென்றால் கூட வேலை செய்கிற ரூபனுக்குக் கொம்பென்றால் பயம். ரூபன் நிரந்தரம். அதே சாணம், அதே மண்வெட்டி, ஆனால் அவனுக்குப் பல் வலித்தாலும் சம்பளத்தோடு லீவு. அவனைப் பார்த்தும் எரிகிறதுதான், ஆனால் அவனாவது நேர்முகப் பரீட்சைக்குப் போய் வந்தவன். துரை எந்த நேர்முகத்துக்குப் போனார்?

போன மாதம் நடந்ததைக் கேளுங்கள். தண்ணீர்த் தொட்டியைக் கழுவக் குனிந்தேன். என்ன நினைத்தாரோ, பின்னால் வந்து ஒரே முட்டு. நான் தொட்டிக்குள் கிடந்து, கை பிசகி, எழும்ப முடியாமல் கத்துகிறேன். பொறுப்பதிகாரி யோகநாதன் சேர் செருப்புக்கூடப் போடாமல் ஓடி வந்தார். நமக்காக இப்படி ஓடி வருகிறாரே என்று எனக்குக் கண் கலங்கிவிட்டது. வந்தவர் என்னைத் தாண்டிப் போய், காளையின் தலையைத் தடவி, "ஐயோ, கொம்பு வெடிச்சுப்போச்சோ?" என்றார். மிருக வைத்தியர் ஜீப்பில் வந்து பார்த்துவிட்டு, பயந்துபோயிருக்கிறார், ஒரு கிழமை ஓய்வு வேண்டும் என்றார். துரைக்குத்தான். என்னை ரூபன் மோட்டார்சைக்கிளில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனான். கையில் கட்டோடு அந்தக் கிழமை முழுவதும் ஒற்றைக் கையால் தீனி மட்டும் வைத்துவிட்டு வந்தேன். என் சம்பளத்தை வெட்டினார்கள், அவருக்குத் தவிட்டைக் கூட்டினார்கள். "மாட்டோட போட்டி போடுறியளே, வெக்கமில்லையே?" என்று லக்சிகா கேட்கிறாள். "ஓம், போட்டிதான். முதல்ல அதுக்குச் சமனா வாறன், பிறகு மனிசரைப் பாப்பம்" என்றேன்.

இந்த முறை இடைவெளி முடிந்து வெள்ளிக்கிழமை போனேன். சேர் கதிரையில் இருக்கச் சொன்னார். ஏழு வருடத்தில் அந்தக் கதிரையில் நான் இருந்ததில்லை, நுனியில் இருந்தேன். "தம்பி, மேலயிருந்து கடிதம் வந்திருக்கு. ஒப்பந்த ஆக்களுக்கு இனிக் காசு ஒதுக்கேல்லையாம். நான் என்ன செய்யிறது, சொல்லும் பாப்பம்?" என்றார். "அப்ப துரைக்கு?" என்று கேட்டேன். "அவருக்கு ஒதுக்கியிருக்கு" என்றார். அக்கா, லக்சிகா பிள்ளைத்தாச்சி. இந்த நேரத்தில் வேலை போய்விட்டதென்று அவளுக்கு எப்படிச் சொல்வது? இன்னும் சொல்லவில்லை.

ஆகவே, அத்தான் வேலை செய்யும் அரிசி ஆலையில் எனக்கும் ஓர் இடம் கேட்டுப் பாருங்கள். மூட்டை தூக்குவேன். மூட்டை முட்டாது. இனி அந்தப் பண்ணைப் பக்கம் தலைவைத்தும் படுக்கமாட்டேன், அந்த மாட்டின் முகத்தில் முழிக்கவும் மாட்டேன்.

அத்தானுக்கு வணக்கம். பிள்ளைகளுக்கு என் முத்தங்கள். நிரந்தரம், ஒப்பந்தம் என்று பிரித்துப் பார்க்காமல் அம்மன் எல்லோரையும் காக்கட்டும்.

இப்படிக்கு,
வேலையில்லாத் தம்பி,
பிரதீபன்.

பி.கு.: கடித உறையை ஒட்டுவதற்குள் சேர் வீட்டு வாசலுக்கே வந்துவிட்டார். துரை இரண்டு நாளாக ஒன்றும் தின்னவில்லையாம். ரூபன் தூர நின்று "சாப்பிடுங்கோ ஐயா" என்று கெஞ்சியும் வாய் வைக்கவில்லையாம். உங்களுக்கு எழுத வெட்கப்பட்ட ஒன்று உண்டு அக்கா. தீனி வைக்கும்போது வயிற்றெரிச்சலில் அவரை வாய்க்கு வந்தபடி ஏசுவேன். அதைக் கேட்டுக் கேட்டே தின்று பழகிவிட்டார் போலிருக்கிறது. போய் ஒரு பாட்டம் ஏசினேன், மடமடவென்று தின்றார். சேர் தலையைச் சொறிந்து யோசித்தார். "ஆக்களுக்குத்தானே காசில்லை. மாட்டுத் தீனிக்குக் காசு இருக்கு. உம்மை அதுக்குள்ள போட்டுவிடுறன்" என்றார். நாளை முதல் வைக்கோல், தவிடு, புண்ணாக்கு, பிரதீபன் என்ற வரிசையில் நானும் வருகிறேன். இடைவெளி கிடையாது, புதுப்பிக்கவும் தேவையில்லை, துரை இருக்கும்வரை நானும் இருக்கலாம். அரிசி ஆலையில் கேட்கவேண்டாம், மேலே எழுதியதையெல்லாம் மறந்துவிடுங்கள். வருகிற வெள்ளி அம்மன் கோயிலில் என் பெயருக்கு அர்ச்சனை செய்ய நினைத்திருந்தால், தயவுசெய்து துரையின் பெயருக்குச் செய்யுங்கள். அவருக்கு வயது போகிறது, அக்கா.