இத்தாலிக்காகப் பிடித்த விரதம்

அந்தச் சனிக்கிழமை பல் தீட்டிக்கொண்டிருக்கும்போது பாலகிருஷ்ணன் ஒரு பெரிய முடிவுக்கு வந்தார். இனிமேல் யோகராணி எதைக் கேட்டாலும் "ஓம்" என்று சொல்வது.

பயந்துபோய் எடுத்த முடிவு என்று நினைக்காதீர்கள். முப்பத்தொரு வருடமாக "இல்லை" சொல்லிப் பார்த்த மனிதர். சிட்னி நகரத்துக்குக் குவேக்கர்ஸ் ஹில் தூரம், அங்கே வீடு வேண்டாம் என்றார். இப்போது குவேக்கர்ஸ் ஹில்லில்தான் குடியிருக்கிறார். நாய் வேண்டாம் என்றார். நாயை இரண்டு நேரமும் அவர்தான் நடக்கக் கூட்டிப்போகிறார். "இல்லை" என்றால் யோகராணி சண்டைக்கு வருவாள், வெல்வாள். "ஓம்" என்றால் யாரோடு சண்டை பிடிப்பாள்? வாயால் ஓம் சொல்லிவிட்டு, காரியத்தை மெல்லமாகக் கவிழ்த்துவிடுவது. அறுபது வயதில் வந்த ஞானம். கொஞ்சம் பிந்தித்தான் வந்தது.

குசினிக்குள் போனார். யோகராணி ஒரு கையால் தோசையைப் பிரட்டிக்கொண்டு மறுகையால் போனை நீட்டினாள்.

"இஞ்சருங்கோ, இத்தாலிக்குப் போவமோ?"

"ஓம்."

தோசைக் கரண்டி அப்படியே நின்றது.

"என்னப்பா, உடம்புக்கு ஏதும் செய்யுதோ?"

"ஒண்டுமில்லை. இத்தாலிதானே. போவம்."

"நான் இன்னும் சொல்லி முடிக்கேல்லை. இது பஸ்ஸில போற ரூர் இல்லை. ஈ-பைக்கில போறது."

"ஈயோ எறும்போ, என்னட்ட மோட்டச்சைக்கிள் லைசன்ஸ் இல்லையே ராணி."

"விசர்க்கதை கதையாதேங்கோ. சைக்கிளப்பா! மின்சாரச் சைக்கிள். எட்டு நாள். வழிகாட்டி முன்னால ஓடுவார், நாங்கள் பின்னால ஓட வேண்டியதுதான். திராட்சைத் தோட்டம், ஒலிவ் தோட்டம், சீஸ் செய்யிற வீடு. ஒவ்வொரு இடத்திலயும் நிப்பாட்டி ருசி பாக்கத் தருவினமாம். ஏத்தம் வந்தால் மோட்டர் தள்ளுமாம். உங்களுக்கென்ன? சைக்கிளில பிறந்து சைக்கிளில வளந்த ஆள்!"

பாலகிருஷ்ணன் கதிரையை இழுத்துப் போட்டு இருந்துவிட்டார்.

ஏனென்று உங்களுக்கு மட்டும் சொல்லலாம். குவேக்கர்ஸ் ஹில்லில் யாருக்கும் தெரியாது. பாலகிருஷ்ணனுக்குச் சைக்கிள் ஓடத் தெரியாது.

யாழ்ப்பாணத்து ஆம்பிளைக்கு, அதுவும் சண்டைக்காலத் தடையால் பெற்றோல் இல்லாத தொண்ணூறுகளில் இளந்தாரியாக இருந்தவனுக்கு, இது எவ்வளவு பெரிய மானக்கேடு! டொக்டர் சைக்கிளில் போனார், நீதவான் சைக்கிளில் போனார், கலியாணம் முடித்த கையோடு மாப்பிள்ளையும் பொம்பிளையும் சைக்கிளில் போனார்கள். பாலகிருஷ்ணனும் போனார். கரியரில். முன்னாலிருந்து உழக்கியவன் சிநேகிதன் சுஜீதன். ஏழு வயதில் ஒருமுறை வேலிக்குள் விழுந்து எழும்பியவர் அதற்குப் பிறகு சைக்கிளின் முன்பக்கமே போகவில்லை.

யோகராணியைப் பெண் பார்க்கப் போனதும் அப்படித்தான். ஒழுங்கை திரும்புகிற முடக்கு வரைக்கும் சுஜீதனின் கரியரில் போனார். முடக்கில் ஒரு தையல்கடையும் ஒரு நாயும்தான். அங்கே இறங்கி, தலைமயிரைச் சீவி, சுஜீதனை நாயோடு விட்டுவிட்டுச் சைக்கிளை உருட்டிக்கொண்டு படலைக்குள் நுழைந்தார். "தம்பி இவ்வளவு தூரம் தனிய உழக்கிக்கொண்டு வந்திட்டாரே" என்று மாமனார் உருகிப்போய் இளநீர் வெட்டிக் கொடுத்தார். இளநீர் குடித்த வாயால் உண்மையைச் சொல்ல முடியுமா?

அன்றைக்குத் தொடங்கிய புளுகு நிற்கவில்லை. சிட்னியில் எந்தப் பிறந்தநாள் பார்ட்டி என்றாலும் பாலகிருஷ்ணன் கிளாலிக் கதையை எடுப்பார். கிளாலியிலிருந்து யாழ்ப்பாணம் வரைக்கும் ஒரு மூட்டை அரிசி, ஒரு பெரியம்மா, பெரியம்மாவின் கோழி, அவ்வளவையும் ஒரே சைக்கிளில் ஏற்றி வந்த கதை. வருடம் போகப்போக மூட்டை இரண்டாகியது, கோழி ஆடாகியது. பெரியம்மாவை மட்டும் அவர் கூட்டவில்லை. ஏதோ ஒரு அளவு வேண்டாமா?

இப்போது இத்தாலியில், முன்பின் தெரியாத வெள்ளைக்காரர் நடுவில், மனைவியின் கண்ணுக்கு முன்னால் சைக்கிளிலிருந்து விழப்போகிறார். முப்பத்தொரு வருட மரியாதையும் ஒலிவ் மரத்தடியில் கிடக்கப் போகிறது. அதை நினைத்த உடனே தோசைத் தட்டைத் தள்ளி வைத்தார்.

கண்ணைத் தூக்கினார். எதிர்ச் சுவரில் கோயில் கலண்டர் தொங்கியது. ஒக்டோபர்ப் பக்கத்தைப் புரட்டினார். கேதாரகௌரி விரதம்!

யோகராணி கலியாணம் முடித்த வருடத்திலிருந்து விடாமல் பிடிக்கிற விரதம். புருஷன் நல்லாயிருக்க வேணும் என்று இருபத்தொரு நாள், ஒரு நேரச் சாப்பாடு, மச்ச மாமிசம் கிடையாது, வெளிச்சாப்பாடு கிடையாது, வீட்டில் ஒவ்வொரு நாளும் பூசை. முடிவில் கோயிலில் கௌரிக் காப்பு நூல் கட்டிக்கொள்வாள். அந்த இருபத்தொரு நாளில் பக்கத்து வீட்டுத் தேத்தண்ணியைக்கூடத் தொடமாட்டாள். இத்தாலிச் சீஸைத் தொடுவாளா?

"ராணி, ஒக்டோபர் கடைசியில போவம். வெய்யிலும் இல்லை, குளிரும் இல்லை. புது ஒலிவ் எண்ணெய் பிழியிற நேரம்."

"உங்களுக்கு உதெல்லாம் எப்பிடித் தெரியும்?"

"வாசிக்கிறனானெல்லோ."

யோகராணி அவரை ஒரு நிமிடம் பார்த்தாள். பிறகு, "நீங்கள் சொன்னால் சரி" என்று சொல்லி அன்றே இரண்டு இடம் பதிந்துவிட்டாள். நீங்கள் சொன்னால் சரி! முப்பத்தொரு வருடத்தில் அந்த வசனத்தை அவர் கேட்டதேயில்லை. அப்போதே யோசித்திருக்க வேண்டும். யோசிக்கவில்லை.

விரதத்தைப் பற்றி மூன்று மாதம் வாயைத் திறக்காமல் இருந்தார். யோகராணி ஒவ்வொரு சனிக்கிழமையும் நாலாவது வீட்டுப் பேர்ளோடு "நடக்கப் போட்டு வாறன்" என்று போய், வேர்த்து விறுவிறுத்து வந்தாள். பேர்ள் மன்னார்க்காரி. யோகராணியோடு ஒரே ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை. இரண்டு பேரும் இவ்வளவு நடக்கிறார்களே என்று பாலகிருஷ்ணன் மெச்சிக்கொண்டார்.

செப்டெம்பர் கடைசி ஞாயிறு கலண்டருக்கு முன்னால் நின்று நெஞ்சில் கைவைத்தார்.

"ஐயோ ராணி! மோசம் போனம்!"

"என்னப்பா?"

"கௌரி விரதமெல்லோ வருகுது! சரியா நாங்கள் இத்தாலியில நிக்கிற நேரம்!"

"அட கடவுளே." யோகராணி கதிரையில் இருந்துவிட்டாள். "இப்ப என்ன செய்யிறது?"

"என்ன செய்யிறது? அம்மனுக்குப் பிறகுதான் இத்தாலி. முப்பத்தொரு வருசம் பிடிச்ச விரதத்தை விடலாமோ? நான் போய் கான்சல் பண்ணுறன். எனக்கும் கவலைதான். சைக்கிள் ஓடிக் கனகாலம், கால் துடிச்சுக்கொண்டு இருந்தது."

அதோடு நிறுத்தியிருக்கலாம். ஆனால் யோகராணியின் கண் கலங்கியதைப் பார்த்ததும் பாலகிருஷ்ணனுக்கு நடிப்பில் ருசி வந்துவிட்டது.

"ஆம்பிளையள் பிடிக்கக்கூடிய விரதமெண்டால் உமக்காக நானே பிடிச்சிருப்பன் ராணி. என்ன செய்யிறது, குடுத்து வைக்கேல்லை."

யோகராணி கண்ணைத் துடைத்தாள். போனை எடுத்தாள். கோயில் குருக்களுக்கு அடித்து, சத்தமாகக் கேட்கும்படி மேசையில் வைத்தாள்.

"ஐயா, கௌரி விரதம் ஆம்பிளையள் பிடிக்கலாமோ?"

"தாராளமாப் பிடிக்கலாம் அம்மா. கனபேர் பிடிக்கினம். பெண்களுக்கு இடக்கையில கட்டுவம், ஆண்களுக்கு வலக்கையில. அவ்வளவுதான் வித்தியாசம்."

"எனக்குப் பதிலா இவர் பிடிச்சால்?"

"சிவனே பாதி உடம்பை அம்மனுக்குக் குடுத்தவர். ஐயா பாதிச் சாப்பாட்டைக் குடுக்கிறதில என்ன குறை?"

குருக்களுக்கு எல்லாத்துக்கும் ஒரு பதில் இருக்கிறது. பாலகிருஷ்ணன் மேசை விளிம்பைப் பிடித்தார். விரதம் அவரைப் பிடித்தது.

"ராணி, பொறும். அப்ப என்ர இடத்தில ஆர் போறது? நீர் தனியப் போகேலாதே."

"அதுக்கு ஆள் பாக்கலாமப்பா."

ஆள் ஐந்து நிமிடத்தில் வந்தாள். பேர்ள். ஒரு கையில் பாஸ்போட், மற்றக் கையில் ஹெல்மெற். புது ஹெல்மெற் அல்ல, பக்கத்தில் நல்ல ஆழமாக மூன்று கீறல்.

"பாலா அண்ணை, உங்களைப் போல ஒரு மனிசன் இந்தச் சிட்னியில இல்லை! எங்கட வீட்டிலயும் ஒண்டு இருக்கே, ஈஸ்டருக்கு முந்தின தவசு காலத்திலயும் ஒருநேர இறைச்சியை விடாது."

"நீர் எப்ப சைக்கிள் ஓடப் பழகினீர் பேர்ள்?"

"யோகாக்காதான் பழக்கினவ. ஜூன் மாசத்திலயிருந்து ஒவ்வொரு சனியும்."

பேர்ள் நாக்கைக் கடித்தாள். யோகராணி அவசரமாகத் தேத்தண்ணி போட எழும்பினாள்.

பாலகிருஷ்ணனுக்கு ஒரு வழி இருந்தது. "இல்லை, நானும் வாறன், விரதம் வேண்டாம்" என்று சொல்லலாம். சொன்னால் சைக்கிளில் ஏற வேண்டும். இருபத்தொரு நாள் பசியா, ஒரு நிமிட மானமா? பசி பரவாயில்லை, அது வெளியில் தெரியாது. இன்னும் கட்டாத காப்பு எப்படியோ தன்னைக் காப்பாற்றிவிட்டது என்று மனதைத் தேற்றிக்கொண்டார்.

"சந்தோசமாப் போட்டு வாரும் ராணி."

விரதம் தொடங்கிய நாலாம் நாள் யோகராணி விமானம் ஏறினாள். மகள் ஹம்சா தான் குடியிருக்கிற பொயிண்ட் குக்கிலிருந்து போன் எடுத்து, "அப்பா, சோ ஸ்வீட்!" என்றாள். கோயிலில் பெண்கள் அவரைக் காட்டிக் காட்டித் தங்கள் புருஷன்மாருக்கு ஏதோ சொன்னார்கள். புருஷன்மார் கார்த் தரிப்பிடத்தில் அவரைச் சுற்றிக்கொண்டார்கள்.

"அண்ணை, உங்களுக்கு நாங்கள் என்ன துரோகம் செய்தம்? ஏன் எங்கட வயித்தில அடிக்கிறியள்?"

வீட்டில் நாயும் அவரும். காலையில் குளித்து, பூசை செய்து, அன்று முழுவதும் மணிக்கூட்டைப் பார்த்து, பொழுதுபட்டதும் சோறும் பருப்பும் ஒரு மரக்கறியும். இலையைப் போட்டு இருக்கிற நேரம் பார்த்து வட்ஸ்அப் அடிக்கும். சீஸ் படம். அத்திப்பழப் படம். ஒலிவ் எண்ணெயில் தோய்த்த பாண் துண்டு. யோகராணி வைனைக் கிளாசில் வைத்துக்கொண்டு, "மணந்துதான் பாத்தனான்" என்று ஒரு செய்தி. கிளாஸ் பாதி காலியாக இருந்தது. பாலகிருஷ்ணன் பெருமூச்சு விட்டுப் பருப்பை விரலால் வழித்தார். இருந்தாலும் ஒரு நிம்மதி. ரகசியம் பத்திரம். இனிச் செத்தாலும் வெளியில் வராது.

பதினாலாம் நாள் பொழுதுபட, சரியாகச் சோற்றில் கைவைக்கும்போது, வீடியோவில் யோகராணி வந்தாள். அங்கே காலை. பின்னால் பச்சை மலையும் ஒரு மண் ரோட்டும். தலையில் ஹெல்மெற், முகத்தில் இருபது வயதுச் சிரிப்பு. அவளை இப்படிப் பார்த்து எத்தனை வருடம்! பாலகிருஷ்ணனுக்குத் தன்னை அறியாமல் சந்தோசமாக இருந்தது.

"விரதம் எப்பிடிப் போகுதப்பா?"

"நல்லாப் போகுது. நீர் நல்லாச் சாப்பிடும்."

"பாவம், நீங்கள் இல்லாமல் எனக்கு மனமில்லை. அதால அடுத்த வருசம் ஜூன் மாசம் எங்கள் ரெண்டு பேருக்கும் இதே ரூர் பதிஞ்சிட்டன்."

பாலகிருஷ்ணன் கையிலெடுத்த சோற்றைத் திரும்ப இலையில் வைத்தார்.

"ஜூனிலயோ? ஜூனில ஏதோ விரதம்..."

"குருக்களிட்டக் கேட்டனான். அந்த எட்டு நாளும் ஒரு விரதமும் இல்லை."

"என்ர முழங்கால் ராணி..."

"முழங்கால் ஒண்டும் தேவையில்லை. இஞ்ச பின்னால ஆள் இருக்கிற சைக்கிளும் வாடகைக்குக் கிடக்கு. நல்ல மெத்தை போட்ட கரியர். பாருங்கோ."

போனைத் திருப்பிக் காட்டினாள். நல்ல கரியர்தான்.

"கரியரோ? எனக்கு ஏன் கரியர்?"

"நீங்கள் பொம்பிளை பாக்க வந்த அண்டைக்கு நான் சட்டை எடுக்க முடக்குத் தையல்கடைக்குள்ள நிண்டனானப்பா," என்றாள் யோகராணி. "நீங்கள் யோசியாதேங்கோ. நான் உழக்கிறன், நீங்கள் வழமை போலப் பின்னால இருங்கோ. சனம் நிக்கிற இடம் வந்தால் முடக்கில இறக்கி விடுறன், உருட்டிக்கொண்டு வாங்கோ."