ஹீரோவுக்கு எந்தப் பக்கம் அடி?

"மச்சம், கட்டு எந்தப் பக்கம்?"

மேக்கப்மேன் பஞ்சும் துணியுமாக நின்று கேட்டதும் உதவி இயக்குநர் அவசரமாகப் போனை எடுத்தார்.

படப்பிடிப்பில் அவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. வலது கன்னத்தில் மிளகு அளவுக்கு ஒரு மச்சம்; அதனால் மச்சம். அவர் இன்னும் வேலையில் நீடிப்பதும் அதன் புண்ணியத்தில்தான் என்பார்கள். ஒரு காட்சி விட்ட இடத்துக்கும் தொடரும் இடத்துக்கும் நடுவில் சட்டை, தலைமுடி, காயம் எதுவும் மாறாமல் பார்த்துக்கொள்வது அவர் பொறுப்பு. போன வாரம் நீலப் பேன்ட்டில் மாடிப்படி ஏறத் தொடங்கிய ஹீரோ, பழுப்புப் பேன்ட்டில் மாடிக்குப் போய்ச் சேர்ந்தார்.

"இன்னொரு தடவை இப்படி ஆச்சு, அப்படியே வீட்டுக்குப் போயிடு" என்று டைரக்டர் சொல்லியிருந்தார்.

நேற்று, நெற்றியில் கட்டோடு வந்து ஹீரோ காலிங்பெல் அடிப்பதை வெளியே எடுத்தார்கள். இன்று அவர் வீட்டுக்குள் நுழைய வேண்டும்.

"எனக்கு இடதுன்னு ஞாபகம்" என்றார் மேக்கப்மேன்.

"ஞாபகமெல்லாம் எதுக்குண்ணே? போட்டோ இருக்கு."

இருந்தது ஒரே ஒரு போட்டோதான். வேலைக்காக எடுக்க வேண்டியதையெல்லாம் மறந்துவிட்டு, மனைவியின் நச்சரிப்பு தாங்காமல், ஹீரோவின் தோளோடு ஒட்டிக்கொண்டு, தானே போனை நீட்டிப் பிடித்து எடுத்தது. எடிட்டரைக் கேட்கலாம். ஆனால் அவர் பகலில் தூங்குகிற ஜாதி. போனை எடுக்க மாட்டார்.

போட்டோவில் கட்டு வலது நெற்றியில் இருந்தது.

"வலதுண்ணே. உங்களுக்கு வயசாயிடுச்சு."

மேக்கப்மேன் முணுமுணுத்துக்கொண்டே கட்டை இடம் மாற்றினார். உடனே தலைமுடி இடித்தது. போட்டோவில் வகிடு வேறு பக்கம். வகிட்டை மாற்றினால் வாட்ச் உறுத்தியது.

"சார், வாட்சை வலது கையில கட்டிக்கோங்க."

"எதுக்குப்பா? நான் எப்பவும் இடதுலதான் கட்டுவேன்" என்றார் ஹீரோ.

"நேத்து வலதுல கட்டியிருக்கீங்க சார்."

ஹீரோ மணிக்கட்டைத் திருப்பிப் பார்த்தார். "அந்தக் கேரக்டராவே மாறிட்டேன் போலிருக்கு" என்று தன்னையே மெச்சிக்கொண்டு, வாட்சைக் கழற்றி மாட்டினார்.

மிச்சம் இருந்தது சட்டைப் பை.

"வலது பக்கம் பாக்கெட்டா?" தையல்காரர் ஊசியைக் கீழே வைத்துவிட்டார். "நான் தைச்ச சட்டையிலயா? அப்படி இருந்தா என் கையை வெட்டிக்கிறேன்."

"அப்புறமா வெட்டிக்கலாம். முதல்ல பாக்கெட்டைப் பிரிச்சுத் தைங்க."

அதற்குள் டைரக்டர் வந்துவிட்டார். "என்னய்யா, சட்டை தைச்சு விக்கப் போறீங்களா? ஹீரோ மத்தியானம் கிளம்பணும். அடுத்த படத்துக்கு மொட்டை போடுறார், தெரியுமில்ல?"

"கட்டு, வகிடு, வாட்ச், பாக்கெட்... நாலும் தப்பா இருந்துச்சு சார். எல்லாத்தையும் மாத்திட்டேன்."

டைரக்டர் அவரை மேலும் கீழும் பார்த்தார். "வந்ததுலேர்ந்து இன்னைக்குத்தான்யா வேலை பார்த்திருக்க."

ஒரே டேக்கில் ஓகே. ஆசாரிகள் செட்டைப் பிரிக்க ஆரம்பித்தார்கள். ஹீரோ மரத்தடியில் துண்டைப் போர்த்திக்கொண்டு உட்கார, முதல் கொத்து முடி மடியில் விழுந்தது.

"அடுத்த படத்துல நீதான் என் அசோசியேட்" என்று டைரக்டர் தோளில் கை போட்டார். மச்சத்துக்குக் கண் கலங்கியது. அந்த நேரம் பார்த்து போன் அடித்தது.

"யாரு, வீட்டம்மாவா? கொடு, நானே நல்ல சேதி சொல்றேன்." டைரக்டர் போனை வாங்கி ஸ்பீக்கரில் போட்டார். மேக்கப்மேனும் தையல்காரரும்கூட எட்டிப் பார்த்தார்கள்.

"அம்மா, டைரக்டர் பேசுறேன். உங்க வீட்டுக்காரருக்குப் பெரிய மச்சம்மா!"

"வணக்கம் சார். அந்த மச்சத்தைப் பத்திக் கேக்கத்தான் நானும் போன் பண்ணேன். நேத்து ஹீரோவோட எடுத்த போட்டோவைப் பார்த்துட்டு, பக்கத்து வீட்டு அக்கா இது உன் புருஷனே இல்லைங்கறாங்க. அவருக்கு மச்சம் வலது கன்னத்துலதானே சார்? இந்தப் போட்டோல மட்டும் எப்படி இடது கன்னத்துக்குப் போச்சு?"