நாற்காலியில் டிபன் பாக்ஸ்

கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் உட்காராமலேயே சம்பளம் வாங்கிய ஒரே மனிதர் எங்கள் ரிவர்ஸ்தான். வாட்ச்மேனுக்குக்கூட ஒரு ஸ்டூல் உண்டு. கம்பெனி இவருக்கு வாங்கிப்போட்ட சுழல் நாற்காலியில் இவருடைய டிபன் பாக்ஸ்தான் உட்கார்ந்திருக்கும். கம்ப்யூட்டரை இரும்பு அலமாரி மேல் தூக்கி வைத்து, நின்றபடியே டைப் அடிப்பார். நாலு வரி அடித்ததும் ஜெனரேட்டர் வரை ஒரு நடை. திரும்பி வந்து அதில் மூன்று வரியை அழிப்பார்.

அவருடைய சொந்தப் பெயர் சம்பளச் சீட்டுக்கு மட்டும்தான் தெரியும். எதையும் கடைசியிலிருந்து பார்ப்பதால் ரிவர்ஸ். கல்யாணப் பத்திரிகை வந்தால் அச்சகத்தின் பெயரை முதலில் படிப்பார். மாலை மின்சார ரயிலில் கடைசிப் பெட்டியில்தான் ஏறுவார், என்னையும் இழுத்துக்கொள்வார். நான் முண்டியடித்துக் கர்ச்சீப் போட்டு அவருக்கு இடம் பிடிப்பேன். அவரோ பொன்னேரியில் இறங்கும்வரை இந்த வாசலுக்கும் அந்த வாசலுக்கும் நடந்துகொண்டிருப்பார்.

ஏன் எதையும் கடைசியிலிருந்து என்று கேட்டால் பிரசங்கம்தான். பூர்வீகம் ஆந்திர எல்லையில் ஆரம்பாக்கம், எல்லோருமே அவருக்கு நைனா.

"இன்டர்நெட் அட்ரஸை வலது பக்கத்துலருந்து படிக்கணும் நைனா. கடைசிப் புள்ளிக்கு அப்புறம் இன்னா கீதுன்னு தெரியாம, மொதல் எழுத்தைப் பாத்து இன்னா பிரயோஜனம்?"

அவர் வேலையே அதுதான். தொழிற்சாலைகளுக்குச் சரக்கு கொடுப்பவர்கள் பதிவு செய்யும் இணையதளத்தை எங்கள் கம்பெனி நடத்துகிறது. யார் எந்த இணைய முகவரியைக் கொடுத்தாலும் அது சரியான அமைப்பில் இருக்கிறதா, அதில் 'டாட் காம்' மாதிரி ஊருக்கே பொதுவான வால் எது, கம்பெனியின் பெயர் எது என்று பிரித்துப் பார்க்க வேண்டும். இதை யாரும் அடியிலிருந்து எழுதுவதில்லை. யாரோ புண்ணியவான்கள் எழுதி வைத்திருப்பதை எடுத்துப் பொருத்திக்கொள்ள வேண்டியதுதான். லைப்ரரி என்பார்கள்.

ரிவர்ஸுக்கு ஒரே லைப்ரரியோடு குடித்தனம் நடத்த வராது. திங்கட்கிழமை ஒன்றைப் பொருத்துவார், வியாழக்கிழமை "இது ரொம்ப ஸ்லோ, பேஜாரு" என்று கழற்றுவார். அப்படிப் பொருத்திய ஒன்று, 'கோ டாட் இன்' என்று முடியும் முகவரிகளில் அந்தக் 'கோ'வையே கம்பெனியின் பெயராக எடுத்துக்கொண்டது. அப்படி முடிகிறவர்களா கொஞ்சம்? அத்தனை பேரும் ஒரே கம்பெனி ஆகிப் போனார்கள். பொதட்டூர்பேட்டை டீத்தூள் வியாபாரி போன் செய்தார்.

"சார், பத்து டன் கம்பி அனுப்பச் சொல்லி எனக்கு ஆர்டர் வந்துகீது."

"உங்ககிட்ட கம்பி இல்லையா?" என்று நான் கேட்டிருக்கக் கூடாது. அதற்கப்புறம் அவர் பேசியதை அச்சில் போட முடியாது.

ரிவர்ஸ் அலமாரியில் முட்டிக்கொண்டார். "எதெல்லாம் பொதுவான வாலுன்னு ஒரு லிஸ்ட்டு கூடவே வரணும் நைனா. அதை வெக்க மறந்துட்டேன்."

மேனேஜர் பழைய லைப்ரரியையே திரும்பப் பொருத்தச் சொன்னார். பிறகு எல்லோர் முன்னாலும், "இனிமே நீங்க லைப்ரரில கை வெச்சா, அதோட இங்க கடைசி நாள்" என்றார். ரிவர்ஸுக்கு முகம் செத்துவிட்டது. முன்பு வேலை பார்த்த இடங்களிலெல்லாம் உட்காரச் சொல்லியே துரத்தியிருந்தார்கள். அவரை நிற்க விட்டது எங்கள் கம்பெனி ஒன்றுதான்.

அந்தச் சமயத்தில்தான் செல்வி அக்கா வந்தார். பழவேற்காட்டுப் பக்கத்துப் பெண்கள் குழுவின் தலைவி. தொழிற்சாலை கேன்டீன்களுக்கு அவர்கள் மீன் குழம்புதான் போய்க்கொண்டிருந்தது. அன்று சாயங்காலம் ஐந்து மணிக்குள் பதிவு செய்யாவிட்டால் அடுத்த வருஷ ஆர்டர் கைவிட்டுப் போகும். எங்கள் தளமோ அவர் முகவரியைச் செல்லாது, செல்லாது என்று சிவப்பில் துப்பிக்கொண்டிருந்தது. முகவரி முழுக்கத் தமிழ். கடைசிப் புள்ளிக்கு அப்புறம் 'இந்தியா'. பழைய லைப்ரரிக்கு அந்த இடத்தில் இங்கிலீஷில் இரண்டு மூன்று எழுத்து இருந்தால்தான் முகவரி.

மேனேஜர் எட்டிப் பார்த்து, "இங்கிலீஷ்ல ஒண்ணு வாங்கிட்டு வரச் சொல்லுங்க" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

"அஞ்சு மணிக்குள்ள நான் எங்க போய் வாங்குவேன் தம்பி?" என்று அக்கா என்னைக் கேட்டார். "எங்க பொம்பளைங்க தாங்களே படிச்சி அடிக்கணும்னுதான் தமிழ்ல வாங்கினோம். போர்டு, டப்பா எல்லாத்துலயும் இதான் கீது."

ரிவர்ஸ் நடந்தார். ஜெனரேட்டர் வரை, கேட் வரை, மறுபடி ஜெனரேட்டர். அவர் கேட்டுக்கு வரும்போதெல்லாம் வாட்ச்மேன் எழுந்து எழுந்து உட்கார்ந்தார். அக்காவுக்குப் பொறுக்கவில்லை.

"இன்னாப்பா நடந்துக்கினே கீற, எனக்கே தலை சுத்துது. கொஞ்ச நேரம் குந்தேன்."

ரிவர்ஸ் நின்றார். டிபன் பாக்ஸை எடுத்து என் மேஜையில் வைத்தார். கம்ப்யூட்டரை அலமாரியிலிருந்து இறக்கினார். நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். ஆபீஸே எழுந்து நின்று பார்த்தது.

"மேனேஜர் சொன்னது ஞாபகம் இருக்கா?" என்றேன்.

"கீது. அந்த லிஸ்ட்டுல இந்த வாலும் கீது நைனா. ஊரே ஒத்துக்கினதை நாம செல்லாதுன்னு சொன்னா அந்தம்மா எங்க போவும்?"

புது லைப்ரரியைப் பொருத்தினார். இந்தத் தடவை லிஸ்ட்டை மறக்கவில்லை. டீத்தூள்காரரும் கம்பிக்காரரும் தனித்தனியாக இருக்கிறார்களா என்றுகூடப் பார்த்துக்கொண்டார். ஐந்து அடிக்கக் கொஞ்சம் இருக்கும்போது அக்காவின் முகவரிக்குப் பச்சை விழுந்தது. அக்கா அவர் தலையில் கை வைத்து, "நல்லா இருப்ப" என்றார். அதுவரைக்கும் அவர் எழுந்திருக்கவே இல்லை.

மேனேஜர் சொன்ன சொல் தவறாதவர். மறுநாளே ஆளை அனுப்பிவிட்டு லைப்ரரியை மட்டும் வைத்துக்கொண்டார். இன்றைக்கும் அதுதான் ஓடுகிறது. கேன்டீனில் செல்வி அக்கா குழம்பும் வருகிறது, நானும் வெட்கமில்லாமல் இரண்டாம் முறை கேட்டு வாங்கிச் சாப்பிடுகிறேன்.

ரிவர்ஸ் இப்போது திருவள்ளூர் பக்கம் ஏதோ கம்பெனியில் நின்றுகொண்டிருக்கிறாராம். அது வேறு ரயில் பாதை, எங்கள் வண்டியில் அவர் வர வழியே இல்லை. எனக்கும் அது தெரியும். ஆனாலும் கடைசிப் பெட்டியில்தான் ஏறுகிறேன், பக்கத்து சீட்டில் கர்ச்சீப் போடுகிறேன். "ஆள் வராங்களா?" என்று யாராவது கேட்டால், பொன்னேரி வரும்வரை "வராரு" என்றுதான் சொல்கிறேன்.