சாண் சாணாக மீட்ட வீடு

1931ஆம் ஆண்டு மாசி மாதம் பன்னிரண்டாம் தேதி, காலை எட்டே கால் மணி. பனி விலகிச் சுள்ளென்று வெயில் ஏறிக்கொண்டிருந்தது. காற்று கொஞ்சமும் இல்லை. தன் வீட்டுச் சுவரில் ஒரு சாண் அகலத்துக்கு மட்டும் சுண்ணாம்பு அடித்துவிட்டு, மிச்சச் சுவரைக் காட்டி "இது நம்முது இல்ல" என்று சொன்ன மனிதர் இந்த உலகத்தில் ஒருவர்தான் இருந்திருப்பார். அவரை நான் அந்த நேரத்தில் பார்த்தேன். எதிர்வீட்டில் குடியிருந்ததால் பார்க்காமல் இருக்கவும் முடியவில்லை.

அவருக்கும் அப்பா அம்மா வைத்த பெயர் ஒன்று இருந்தது. அன்றைய தினத்துக்குப் பிறகு அது வில்லியனூரில் யாருக்கும் பயன்படவில்லை. "சாண் வூட்டுக்காரரு" என்றால்தான் தபால்காரருக்கே தெரியும். இரண்டு காணி நெல், அரைக் காணி கரும்பு. நல்ல உயரம், தொண்டை பெரிது. அவரிடம் ஒரு வியாதி உண்டு. எதைப் பார்த்தாலும் "அது எங்க போவுது?" என்று கேட்பார். ரயில் புகையைப் பார்த்துக் கேட்பார். கோயிலில் கற்பூரம் எரிந்து முடிந்ததும் குருக்களிடம் கேட்பார். குருக்கள் அவரைக் கண்டால் தட்டை வேறு பக்கம் திருப்பிக்கொள்வார்.

அவருடைய தம்பி பாகம் பிரித்தபோது, வீட்டில் தன் பங்குக்குப் பணமாகக் கேட்டுவிட்டான். அதற்காகச் சாண் வூட்டுக்காரர் வீட்டை அடமானம் வைத்து, கடைத்தெரு மண்டிக்காரரிடம் ஆயிரம் ரூபாய் கடன் வாங்கினார். மாதம் நூற்றுக்கு ஒரு ரூபாய் வட்டி. இதை யாரும் அதிகம் என்று நினைக்கவில்லை. மண்டிக்காரர் அப்போது புதிதாக ஒரு ஏற்பாடு வைத்திருந்தார். வருஷத்துக்கு ஒரு தவணை, நூற்று நாற்பத்தேழு ரூபாய்; வட்டியும் முதலும் அதிலேயே அடக்கம். பதினைந்து தவணை கட்டினால் பத்திரம் கைக்கு வந்துவிடும். ஊரே மெச்சியது. கடைசியில் ஆயிரத்தை மொத்தமாகப் புரட்ட வேண்டாம் பாருங்கள். நூற்று நாற்பத்தேழைப் பதினைந்தால் பெருக்கிப் பார்த்தவர்கள் யாரும் இல்லை. கொம்மின் என்ற பிரெஞ்சு ஊராட்சி அலுவலகத்தில் கணக்கெழுதிச் சம்பளம் வாங்கிய நானும் பெருக்கவில்லை. நானே அதே மண்டிக்காரரிடம் அறுநூறு ரூபாய் வாங்கி மாடி கட்டலாம் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

முதல் தவணை கட்டப் போனபோது, ரசீதைப் படித்துச் சொல்ல என்னையும் கூட்டிப் போனார். மண்டிக்காரர் பணத்தை எண்ணி வாங்கி, ரசீது கொடுத்தார். கிளம்புவார் என்று பார்த்தால், சாண் வூட்டுக்காரர் நெல் மூட்டை மேல் சாவகாசமாக உட்கார்ந்துகொண்டார்.

"மொதலாளி, இன்னைலேர்ந்து வூட்டுல எவ்ளோ என்னுது?"

"இன்னாய்யா கேள்வி இது? ஆயிரத்துல இருபத்தேழு ரூபா கழிஞ்சிருக்கு."

"நான் நூத்தி நாப்பத்தேழு இல்ல குடுத்தேன்?"

"ஆமா. நூத்தி இருபது வட்டி. அது போச்சு."

அவ்வளவுதான், வியாதி கிளம்பிவிட்டது.

"எங்க போச்சு?"

"எங்கிட்டதான்யா! வேற எங்க போவும்?" என்றார் மண்டிக்காரர். அவர் சிரித்தார். சாண் வூட்டுக்காரர் சிரிக்கவில்லை. என்னைப் பார்த்து, "இருபத்தேழு ரூபாக்கு எவ்ளோ செவுரு தம்பி?" என்று கேட்டார்.

அதில் பிடித்தது சனியன். தெருவைப் பார்த்த அவருடைய மண்சுவர் கிழக்கே மாட்டுக் கொட்டகையில் தொடங்கி மேற்கே அடுப்படியில் முடியும். அளந்தோம். அவர் கையால் இருபத்து மூன்று முழம், என் கையால் இருபத்தைந்து. அளவு இரண்டாக இருந்தால் எனக்கு ராத்திரி தூக்கம் வராது என்பதால் என் கையளவில் ஒரு குச்சி வெட்டி அதையே முழமாக வைத்துக்கொண்டோம். ஆயிரம் ரூபாய்க்கு இருபத்தைந்து முழம். முழத்துக்கு நாற்பது ரூபாய். இருபத்தேழு ரூபாய்க்கு ஒரு சாணும் நாலு விரற்கடையும் வந்தது. மறுநாள் காலை எட்டே காலுக்குக் கிழக்குக் கோடியில் அந்த ஒரு சாண் நாலு விரற்கடைக்கும் வெள்ளை அடித்துவிட்டார். மீதி சுவர் செம்மண் நிறத்தில் அப்படியே நின்றது.

அவர் மனைவியை நான் அண்ணி என்பேன். அண்ணி வெளியே வந்து பார்த்தார். கொட்டகையில் பசு கிழக்கே பார்த்துக் கட்டியிருந்தது. வெள்ளை அதன் முகத்தோடு முடிந்துவிட்டது.

"பாரு தம்பி, ஒங்க அண்ணன் பிரிச்ச பாகத்த! திங்கிற வாயி நம்முது. கறக்குற மடி மண்டிக்காரருது!"

பதினைந்து தவணைக் கடனை இதைவிடச் சுருக்கமாக விளக்கியவரை நான் இன்றுவரை சந்தித்ததில்லை.

அந்த வருஷம் ஐப்பசியில் அடைமழை. அடுப்படி ஓடு ஒழுகியது. சாண் வூட்டுக்காரர் ஏணியைத் தொடவில்லை. மண்டிக்கு ஆள் அனுப்பினார்: "ஒங்க வூடு ஒழுவுது. வந்து ஓடு மாத்துங்க." மண்டிக்காரர் அனுப்பிய பதிலை அச்சில் போட முடியாது. அண்ணி தலையில் முறத்தைக் கவிழ்த்துக்கொண்டு சமைத்தார்.

"பதினஞ்சு வருசமும் நான் மண்டிக்காரரு அடுப்புலதான் ஆக்கணுமா? பொண்ணுக்கு இப்ப வயசு ஏழு. கடன் தீர்றப்ப இருவத்தொண்ணு. அதுவரைக்கும் வூட்டுல வச்சிருப்பியா, இல்ல அவரு வூட்டு வாசல்ல பந்தல் போடுவியா?"

அவர் அன்றைக்கு முதல்முறையாக யாரிடமும் எதுவும் கேட்காமல் படுக்கப் போனார் என்று அண்ணியே பிறகு என்னிடம் சொன்னார். மகளின் கல்யாணப் பந்தலை முழுக்கத் தன்னுடையதான வீட்டு வாசலில் போட வேண்டும்; அவருக்கு அதற்கு மேல் வேறு ஆசை இல்லை.

இதற்குள் சுவர் பேர் பெற்றுவிட்டது. தேர் பார்க்க வந்த ஏம்பலத்துக்காரர்களும் பாகூர்க்காரர்களும் அதையும் பார்த்துவிட்டுத்தான் போனார்கள். "ஒரு வருசம் கட்டுனதுக்கு இவ்ளோதானா?" என்று விரலை வைத்து அளந்தார்கள். மண்டிக்காரரிடம் கடன் கேட்டு வந்த இரண்டு பேர் அப்படியே வண்டியைத் திருப்பிக்கொண்டு போனார்கள். மண்டிக்காரர் ஓடி வந்தார்.

"யோவ், மானத்த வாங்காத. சுண்ணாம்பு நான் தரேன். செவுரு முழுக்க அடி."

"ஒங்க செவுத்துக்கு நான் எதுக்கு அடிக்கணும் மொதலாளி? சுண்ணாம்போட ஒரு ஆளையும் அனுப்புங்க. என் சாண்ல மட்டும் கை வைக்க வேணாம்னு சொல்லி அனுப்புங்க."

இரண்டாவது தவணை கட்டினார். முதலில் முப்பது ரூபாயும் கொஞ்சமும் கழிந்தது. வெள்ளை மூன்று சாணை எட்டிப் பிடிக்கப் பார்த்தது. அன்று சாயங்காலம் வெல்லம் விற்ற காசு மடியில் இருக்க, என் வீட்டுக்கு வந்தார்.

"தம்பி, அடுத்த வருசத்துச் சாண் இன்னா வெல?"

"முப்பத்து நாலு ரூபாய் அண்ணே."

"அத இப்பவே குடுத்து வாங்கிட்டா?"

துணிக்கடையில் கேட்பது போலக் கேட்டார். நான் சிரித்துக்கொண்டே கணக்குப் போட்டேன். போட்டு முடித்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. மறுபடி போட்டேன். விளக்குக்கு எண்ணெய் ஊற்றிவிட்டு மூன்றாம் முறையும் போட்டேன். முப்பத்து நாலு ரூபாயை இன்று முன்கூட்டிக் கொடுத்தால், மூன்றாம் தவணை கட்டிய பிறகு எவ்வளவு பாக்கி நிற்குமோ அதே பாக்கி இன்றே வந்துவிடுகிறது. அந்த வருஷத்து வட்டி பிறக்கவே இல்லை. பதினைந்தில் ஒரு வருஷம் முழுசாக உதிர்ந்துவிடுகிறது.

"முப்பத்து நாலு குடுத்தா ஒரு நூத்தி நாப்பத்தேழு போவுதா?"

"ஆமாம் அண்ணே."

"எங்க போவுது?"

"எங்கேயும் போகவில்லை. உங்களிடமே இருக்கிறது."

அவர் வாழ்க்கையில் அந்தக் கேள்விக்குக் கிடைத்த முதல் நல்ல பதில் அது. எழுந்து நின்று வேட்டியை இறுக்கிக் கட்டிக்கொண்டார்.

அடுத்த மூன்று நாள் வில்லியனூர் அதுவரை பார்க்காத காட்சியைப் பார்த்தது. கடன் வாங்கியவர் பணத்தை வைத்துக்கொண்டு தேடுகிறார், கொடுத்தவர் ஒளிகிறார். மண்டியில் கேட்டால் ஒதியம்பட்டுக்குப் போயிருக்கிறார் என்றார்கள். ஒதியம்பட்டில் அவர் தங்கை, "இப்பத்தான் பின்பக்கமா போனாரு" என்றாள். நான் கொம்மின் அலுவலகத்துக்கு அரை நாள் லீவு போட்டுவிட்டுக் கூடவே ஓடினேன். அந்த அரை நாளுக்குச் சம்பளம் பிடித்தார்கள். அது வேறு கதை.

மூன்றாம் நாள் குளத்தங்கரைப் புங்கமரத்தடியில் பிடித்தோம். மண்டிக்காரர் முகம் மழித்துக்கொண்டிருந்தார். ஒரு கன்னம் முடிந்திருந்தது. மறு கன்னத்தில் நுரை. ஓடவும் முடியாது.

"மொதலாளி, முப்பத்து நாலு ரூபா. கைய நீட்டுங்க."

"வேணாம்யா! தவண மாசியிலதான். அடுத்த மாசிக்கு வா!"

"கடன் கட்ட வந்தா வேணாம்னு சொல்ற ஆள இன்னைக்குத்தான் பாக்கறேன்" என்றார் நாவிதர், கத்தியைத் துடைத்துக்கொண்டே. "எனக்கும் நாலு மாசக் கூலி பாக்கி இருக்குது மொதலாளி. அதையும் வேணாம்னு சொல்லிடட்டுமா?"

"பத்திரத்துல இல்ல! முன்கூட்டிக் குடுக்கலாம்னு பத்திரத்துல எழுதல!" என்று மண்டிக்காரர் கத்தினார். நுரை தெறித்தது.

"குடுக்கக் கூடாதுன்னு எழுதியிருக்குதா? அதையும் கேட்டுட்டா போச்சு" என்றார் சாண் வூட்டுக்காரர்.

மறு கன்னத்தையும் மழித்து முடிக்கும் வரை காத்திருந்து, மூன்று பேருமாக ரயிலேறிப் புதுச்சேரிக்குப் போனோம். பத்திரம் எழுதிய நொத்தேர் மூக்குக் கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் பிரெஞ்சில் இருந்ததை முதலிலிருந்து கடைசி வரை படித்தார். சாண் வூட்டுக்காரர் உத்தரத்தில் ஓடிய பல்லி எங்கே போகிறது என்று பார்த்துக்கொண்டிருந்தார்.

"முன்னாடி குடுக்கக் கூடாதுன்னு ஒரு வரி கூட இல்லையே" என்றார் நொத்தேர். "இதுவரைக்கும் எவனும் குடுத்ததில்ல. அதனால எழுதத் தோணல."

மண்டிக்காரர் முப்பத்து நாலு ரூபாயை வாங்கிக்கொண்டார். சாவு வீட்டில் தாம்பூலம் வாங்குவது போல முகத்தை வைத்துக்கொண்டு வாங்கினார். அதற்குப் பிறகு அவர் எழுதிய எல்லாப் பத்திரங்களிலும் அந்த ஒரு வரி ஏறிவிட்டது என்று கேள்விப்பட்டேன். என் அறுநூறு ரூபாய்ப் பத்திரம் எழுதப்படவே இல்லை. என் வீட்டுக்கு இன்றும் மாடி கிடையாது.

அடுத்த வருஷம் தவணைக்கு மேல் நாற்பத்திரண்டரை ரூபாய் கொடுத்தார். அது அண்ணியின் கம்மல். வெள்ளை நாலே கால் முழம் ஆயிற்று. பசு வால் வரைக்கும் அவர்களுடையது ஆயிற்று. "மடி நம்முது ஆயிடுச்சு தம்பி" என்று அண்ணி எனக்கு ஒரு செம்பு பால் கொண்டுவந்து கொடுத்தார். அதற்கடுத்த வருஷம் ஐம்பத்து மூன்றே கால் ரூபாய் தேவைப்பட்டபோது அந்தப் பசுவையே விற்றார்கள். முழுசாகத் தன்னுடையதான பிறகுதான் விற்றார் என்பதை நான் குறித்துக்கொண்டேன்.

வருஷங்கள் விலை ஏறிக்கொண்டே போயின. முதலில் முப்பத்து நாலுக்குக் கிடைத்த ஒரு வருஷம் இப்போது அறுபத்தேழு கேட்டது. நெல் விலையோ படுத்த படுக்கையாகக் கிடந்தது. அதன் பிறகு அவரால் தவணையை மட்டும்தான் கட்ட முடிந்தது, அதற்கே திண்டாட்டம். ஆனால் மூன்று வருஷத்தை நூற்று முப்பது ரூபாய்க்குள் வாங்கியாகிவிட்டது. வெள்ளை நகர்ந்தது. ஒரு வருஷம் இரட்டைக் கதவில் ஒரு பலகை மட்டும் அவருடையதாக இருந்தது. அந்த வருஷம் முழுக்க அந்தப் பலகையை மட்டும் திறந்து, ஒருக்களித்தே போய் வந்தார். நானும் அவரைப் பார்க்கப் போகும்போது ஒருக்களித்துத்தான் போனேன்.

1942 மாசியில் கடைசித் தவணை. அது கொஞ்சம் குறைவு, நூற்று நாற்பதரை. முதல் தவணைக்கு ஒரு சாண் கிடைத்தது. ஏறக்குறைய அதே பணத்துக்கு இப்போது மூன்று முழம் கிடைத்தது. அடுப்படி வரைக்கும் அவருடையது. பத்திரத்தைக் கையில் பிடித்துக்கொண்டு சுவர் முன்னால் நின்றார். கையில் சல்லிக்காசு இல்லை. யுத்த காலம், சுண்ணாம்பும் விலை ஏறியிருந்தது. நான் கடைக்குப் போய் ஆறு அணாவுக்கு வாங்கி வந்தேன். வெள்ளையடிக்கும் மட்டையை அவர் அண்ணியிடம் கொடுத்தார். அந்த மூன்று முழத்தையும் அண்ணியே அடித்தார்.

வைகாசியில் பந்தல். பெண்ணுக்கு வயது பதினெட்டு. மண்டிக்காரரும் வந்திருந்தார். சாண் வூட்டுக்காரர் அவரை வாசலில் நிறுத்தி, "உள்ள வாங்க மொதலாளி, எல்லாம் நம்ம வூடுதான்" என்றார். பிறகு சட்டென்று நிறுத்தி, "எங்க வூடு" என்று திருத்திக்கொண்டார்.

அதன் பிறகு மாதம் ஒருமுறையாவது என் வீட்டுக்கு வந்து, "தம்பி, அந்த ஆறணா?" என்பார். "அடுத்த தவணையில் பார்க்கலாம் அண்ணே" என்பேன். எதையும் விட்டுக்கொடுக்காதவன் என்று பேர் வாங்கிய நான் அந்தக் கடனை மட்டும் தீர விடவில்லை. தீர்ந்துவிட்டால் அவர் எங்கே போவார், யாரிடம் போய்க் கேள்வி கேட்பார் என்ற கவலைதான்.

பதினைந்து தவணையும் கட்டியிருந்தால் இரண்டாயிரத்து நூற்றுத் தொண்ணூற்றெட்டரை ரூபாய் ஆகியிருக்கும். அந்த ஆயிரம் ரூபாய்க்குக் கடைசியில் அவருக்கு ஆன செலவு ஆயிரத்து எண்ணூற்று எண்பத்தேழு ரூபாய். என் ஆறணா நீங்கலாக.