காலமானவர்களின் ஆண்டுகள்

இருளப்பன் கடைசியாகச் செய்த சாதாரணக் காரியம், செருப்புக்கு ஊக்குக் கேட்டதுதான். வார் அறுந்திருந்தது. பூவாயி தன் வளையலில் மாட்டியிருந்த ஊக்கைக் கழற்றிக் கொடுத்தாள்.

"சாயந்தரம் புதுசு வாங்கிருவேன், புள்ள."

"போன மாசமும் இதத்தான் சொன்னீக."

அவன் சிரித்துக்கொண்டே புதுப் பாலத்தின் பக்கம் போனான்.

இது நெடுநாழி என்ற நாட்டில் நடந்தது. எந்த வரைபடத்தைப் புரட்டினாலும் அந்த நாடு அகப்படாது. அங்கே ஓர் ஆறு. ஆற்றின் நடுவில் காலம் புடவையைப் போல மடிந்து கிடந்தது. அந்த மடிப்பு எப்போதாவது திறக்கும். அந்த நேரத்தில் அங்கே இருப்பது ஆடானாலும் ஆளானாலும் உள்ளே போய்விடும், திரும்பாது. அதனால் முன்னோர் மலையைச் சுற்றிப் பாதை போட்டு, அக்கரைக்கு அரை நாள் நடந்தார்கள்.

மன்னர் அமரகீர்த்திக்கு அது பொறுக்கவில்லை. நெடுநாழியில் ஐந்தாண்டுக்கு ஒருமுறை மக்கள்தான் மன்னரைத் தேர்ந்தெடுப்பார்கள். தேர்தலுக்கு இரண்டே மாதம் இருந்தது. குடிகளின் அரை நாளை மிச்சப்படுத்துவதாகச் சொல்லி, மடிப்பின் வழியாகவே பாலம் கட்டினார்.

திறப்பு விழாவன்று மடிப்பும் திறந்தது. பாலம் இடியாமல் அப்படியே நின்றது. அதன்மேல் நடந்த நாற்பத்திரண்டு பேரைக் காணவில்லை. கரையில், மேடையில் இருந்த மன்னர் தம் உரையை ஒரு வரி விடாமல் வாசித்து முடித்தார்.

மறுவாரம் காலத்துறை அலுவலகத்தில் பெயர்களைப் பதிந்தார்கள். "உங்கள் கணவர் என்ன ஆனார்?" என்று கேட்டார் துறைத் தலைவர் வாகீசர். பூவாயி வாயைத் திறப்பதற்குள், பின்னால் நின்ற சீனியம்மா இடித்தாள். அவளும் அதே பாலத்தில் மகனைப் பறிகொடுத்தவள்.

"ஏடி, பெரிய எடத்துல செத்தாகன்னு சொல்லிராத. காலமாயிட்டாகன்னு மருவாதையாச் சொல்லு."

பூவாயி அப்படியே சொன்னாள். நாற்பத்திரண்டு வீட்டாரும் அப்படியே சொன்னார்கள். எரிக்க உடம்புகூடக் கிடைக்காதவர்கள். அந்தச் சொல்லை விட்டால் வேறு எந்த மரியாதையைச் செய்வது?

பத்தாம் நாள் தண்டோரா வந்தது. பாலத்தில் சென்றோர் காலமாகிவிட்டதாக உறவினரே ஒப்புக்கொண்டுள்ளனர். நாட்டின் காலம் முழுவதும் மன்னருக்கே உரியது. ஆகவே காலமானோர் வாழாமல் விட்ட ஆண்டுகள் மன்னரின் ஆட்சிக்காலத்தோடு சேர்க்கப்படும். நல்லாட்சியில் மனிதர் நூறாண்டு வாழ்வர் என்பதால், முப்பத்துநான்கு வயது இருளப்பனிடமிருந்து அறுபத்தாறு ஆண்டுகள் வரவாயின. மொத்தம் இரண்டாயிரத்து அறுநூற்று நான்கு. தேர்தல் அதற்குப் பிறகு.

மன்னர் அவ்வளவு நாள் இருப்பாரா என்று யாரோ கேட்டார்கள். "மன்னர் இருக்கத் தேவையில்லை. ஆட்சி இருந்தால் போதும்" என்றார் வாகீசர்.

அதன்பின் மலைப்பாதையை முள் வெட்டிப் போட்டு அடைத்தார்கள். சுற்றிப் போகிறவன் மன்னரின் காலத்தைத் திருடுகிறவன் என்றது சட்டம். அறுபது வயதுக்கு மேற்பட்டவர்கள் பாலத்தில் ஏறத் தடை வந்தது. அவர்களிடம் மிச்சம் குறைவு. ஆவணி பிறந்ததும் ஊர்ப் பள்ளிக்கூடத்தை அக்கரைக்கு மாற்றினார்கள்.

பூவாயியின் மகள் செவந்தி அந்த அறிவிப்பைப் பள்ளியிலிருந்து கொண்டுவந்தாள். "திங்கக்கெழமையிலருந்து பாலத்து வழியாப் போவணுமாம்மா."

அவளுக்கு வயது ஒன்பது. தொண்ணூற்றொன்று மிச்சம். பூவாயி அந்தத் தாளோடு நேரே அலுவலகத்துக்குப் போனாள்.

"எழுத்த மாத்துங்கய்யா. எம் புருசன் காலமாகல. செத்தாக."

வாகீசர் முகம் சுளித்தார். "அம்மா, மறைந்தவரை இப்படியா சொல்வது? மரியாதை வேண்டாமா?"

"மருவாதையாச் சொல்லித்தான அறுவத்தாறு வருசத்த அள்ளிக் குடுத்துட்டு நிக்கிறேன்?"

"உங்களுக்கு இதன் சிக்கல் புரியவில்லை. காலமானார் என்றால் படிவம் அத்தோடு முடிந்தது. செத்தார் என்றால், யாரால் என்று கேட்கும் இன்னொரு கட்டத்தையும் நிரப்ப வேண்டும்."

"நெரப்புங்க. பேரு நான் சொல்றேன்."

வாகீசர் மைக்கூட்டை மூடினார்.

திங்கட்கிழமை பிள்ளைகள் புத்தகப் பையோடு பாலத்தின் வாயிலில் வரிசையில் நின்றார்கள். காவலர் சங்கிலியை அவிழ்க்கும்போது பூவாயி குறுக்கே போய் நின்றாள்.

"எம் புருசன் இருளப்பன் இங்கதான் செத்தாக!" என்று கத்தினாள். "காலமாகல. மன்னர் கட்டுன பாலத்துல செத்தாக!"

பிறகு சீனியம்மாவின் குரல் உடைந்து கிளம்பியது. "எம் மவன் மாயாண்டி செத்தான்!"

"எங்கண்ணன் செத்தாரு!" என்றது வேறொரு குரல். அதன்பின் எந்தக் குரல் யாருடையது என்று தெரியவில்லை. தாய்மார்கள் ஆளுக்கொரு பிள்ளையைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வீட்டுக்குத் திரும்பினார்கள். அன்று பாலத்தில் ஒரு பிள்ளையும் ஏறவில்லை. மறுநாளும் ஏறவில்லை.

மரணத்தை அவமதித்த குற்றத்துக்காகப் பூவாயியைப் பிடித்துப் போனார்கள். நடப்பு ஆட்சிக்காலம் முடியும்வரை, அதாவது இரண்டாயிரத்து அறுநூற்றுச் சொச்சம் ஆண்டுகள், சிறை. 'செத்தார்' என்ற சொல் அகராதியிலிருந்து நீக்கப்பட்டது. அந்த நாள் முதல் நெடுநாழியில் ஒருவரும் சாகவில்லை என்று அரசிதழ் பெருமையோடு எழுதியது.

செவந்தி சீனியம்மாவின் வீட்டில் வளர்கிறாள். அவளுக்கு வயது இப்போதும் வருடத்துக்கு ஒன்றுதான் கூடுகிறது.