நம்பியிருந்ததற்கு அத்தாட்சி

"உங்க அப்பா செத்ததுக்கு அத்தாட்சி இருக்கு. நீங்க அவரை நம்பி இருந்ததுக்கு அத்தாட்சி எங்க?" என்று கேட்டார் குடிநீர் வாரிய அலுவலகத்தின் மூன்றாவது மேஜைக்காரர்.

தையல்காரி கையிலிருந்த கடிதத்தை எடுத்து அவர் முன்னால் வைத்தாள். அவள் அப்பா அந்த வாரியத்தில் பம்ப் ஆபரேட்டர். மோட்டார் அறையிலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தவர் எழுந்திருக்கவில்லை. பணியில் இருக்கும்போது இறந்தவரின் வாரிசு வேலைக்கு மனுச் செய்யலாம் என்று வாரியம் கடிதம் போட்டிருந்தது. வேலை கிடைக்காவிட்டால் அம்மாவும் மகளும் மாதக் கடைசிக்குள் ஊழியர் குடியிருப்பைக் காலி செய்ய வேண்டும் என்பதும் அதே கடிதத்தில் இருந்தது.

"பெத்த அப்பா சார். அவரை நம்பாம யாரை நம்புறது?"

"அது வீட்டுல. இங்க நீங்க தையல் கடையில சம்பளம் வாங்குறவங்க. சம்பாதிக்கிறவங்களை இறந்தவரைச் சார்ந்தவங்கன்னு எழுத முடியாதும்மா."

அவர் எந்தப் புத்தகத்தையும் புரட்டவில்லை. விதி எண், உட்பிரிவு எல்லாம் நாக்கு நுனியில் நின்றன.

அன்று மாலையே அவள் தையல் கடை வேலையை விட்டாள்.

"வேலைக்குப் போறதுக்காக வேலையை விடுறியா?" என்றார் கடைக்காரர், கையில் கத்தரிக்கோலோடு.

"எனக்கும் அப்படித்தான் அண்ணே இருக்கு. ஆனா ஆபீஸ்ல அவர் சொல்லும்போது சரியா இருந்துச்சு."

நாலு நாள் அலைந்து, வருமானம் இல்லை என்று ஒரு சான்றிதழ் வாங்கிக்கொண்டு போனாள். மூன்றாவது மேஜைக்காரர் அதை இரண்டு முறை படித்தார்.

"வருமானம் இல்லைன்னா அம்மாவை யார் காப்பாத்துறா?"

"நான்தான்."

"எதை வச்சு?"

தையல்காரி மேஜை மேல் கிடந்த சான்றிதழை எடுத்து மடித்துக்கொண்டாள்.

"குடும்பத்தைக் காப்பாத்துற திராணி உங்களுக்கு இருக்குன்னு தெரிஞ்சவர் யாராவது எழுதித் தரட்டும். அது இல்லாமத் திரும்பிப் போனவங்களை எனக்குத் தெரியும்" என்றார் அவர், உண்மையான வருத்தத்தோடு.

கடைக்காரர் மனம் இளகி, தாராளமாகவே எழுதிக் கொடுத்தார். 'இவர் இல்லாமல் என் கடை இல்லை. நானும் என் குடும்பமும் இவரை நம்பித்தான் இருக்கிறோம்.'

மூன்றாவது மேஜைக்காரர் தலையில் கைவைத்துக்கொண்டார்.

"இதைப் பார்த்தா கடைக்காரர் உங்களைச் சார்ந்தவர்னு ஆகுது. உங்களுக்கு ஒண்ணு ஆச்சுன்னா வேலை அவருக்குத்தான் போகும். சரி, விடுங்க. கூடப் பிறந்தவங்க இருக்காங்களா?"

"ஒரு அண்ணன். லாரி ஓட்டுறார்."

"மூத்த வாரிசு. அவர் ஆட்சேபணை இல்லைன்னு எழுதித் தரணும்."

அண்ணன் வீட்டுப் பக்கம் வந்து இரண்டு வருஷம். அம்மா போனில் அழுததும் லாரியை ஓரங்கட்டி, ஸ்டியரிங் மேலேயே காகிதத்தை வைத்து எழுதி அனுப்பிவிட்டான். 'அப்பா வேலை விஷயத்தில் என் தங்கைக்கு ஆட்சேபணை இல்லை.'

"அப்ப வேலை அண்ணனுக்கா?" என்றார் மேஜைக்காரர்.

"இல்ல சார், எனக்கு."

"உங்களுக்கு ஆட்சேபணை இல்லைன்னு எழுதியிருக்காரே."

"எனக்கு ஏன் சார் ஆட்சேபணை?"

"அதைத்தான் அவரும் சொல்றார்."

யாருக்கு யார் மேல் ஆட்சேபணை என்பது தையல்காரிக்குப் பிடிபடவில்லை. மாதக் கடைசிக்கு இன்னும் மூன்று நாள். வீட்டில் அம்மா பாத்திரங்களைச் சாக்கில் கட்ட ஆரம்பித்திருந்தாள்.

"எப்படி இருந்தாலும் முத்திரை குத்தி உள்ள அனுப்பிடுங்க சார். பெரியவங்க பார்த்துக்கட்டும்."

"முத்திரை என்கிட்ட இல்லம்மா" என்று அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

அதோடு அவளுக்குப் பொறுமை போயிற்று. காகிதங்களை வாரிக்கொண்டு விறுவிறுவென்று அதிகாரி அறைக்கு நடந்தாள். வாசலில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருந்த பியூன் காலை நீட்டி வழியை மறித்தார்.

"என்னம்மா விஷயம்?"

"புகார் குடுக்கணும். மூணாவது மேஜைக்காரர் மேல. மூணு வாரமா என்னை அலைய விடுறார்."

"அவர் மேலயா?" பியூன் குரலைத் தாழ்த்தினார். "அவர் இங்க வேலையிலயே இல்லம்மா, செத்துப்போன அவங்க அப்பா வேலையைக் கேட்டு ஏழு வருஷமா நடையா நடக்கிறவர், ஒருநாள் கால் வலிக்குதுன்னு காலியாக் கிடந்த அந்த நாற்காலியில உட்கார்ந்தார், உடனே நாலு பேர் வந்து மனுவை நீட்டிட்டாங்க."